நேரில் கண்ட சாட்சியும் நேரலையில் காட்டிய முகமும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

ஒரு கொலை. பார்த்தவர்கள் நான்கு பேர். நான்கு பேரும் நான்கு விதமாகச் சொல்கிறார்கள். தொலைக்காட்சியிலும் ஓடிடியிலும் இந்த அமைப்பில் மர்மத் தொடர்கள் அடுத்தடுத்து வருகின்றன. மக்கள் விரும்பிப் பார்க்கிறார்கள், நாங்களும் பார்க்கிறோம். குற்ற வழக்கு நடத்துகிறவர்கள் என்ற முறையில் அந்தத் தொடர்களைப் பற்றி ஒரு குறை சொல்ல வேண்டும். அதைவிட முக்கியமாக, செய்தித்தாள்களும் செய்திச் சேனல்களும் செய்துவரும் ஒரு காரியத்தைப் பற்றி உங்களிடம் ஒரு கோரிக்கை வைக்க வேண்டும். இரண்டும் ஒன்றோடொன்று பிணைந்தவை. கடிதம் நீண்டுவிட்டது, பொறுத்தருள வேண்டும்.

முதலில் தொடர்கள். கடைசி அத்தியாயத்தில் கேமரா தானாகவே சம்பவ இடத்துக்குப் போய், உண்மையில் நடந்தது இதுதான் என்று காட்டிவிடுகிறது. அதோடு சாட்சிகளில் ஒருவர் பொய்யர் என்பது வெளிப்பட்டுவிடும். ஆக, பார்க்கிறவர் மனதில் பதிவது இதுதான்: சாட்சிகள் முரண்பட்டால் யாரோ பொய் சொல்கிறார்கள், பொய்யரைக் கண்டுபிடித்துவிட்டால் மற்றவர் சொன்னதெல்லாம் உண்மை. நீதிமன்றத்தில் நடப்பது இதற்கு நேர் மாறானது. பொய் சாட்சி இல்லாமலில்லை. போலீசிடம் சொன்னதை நீதிமன்றத்தில் மாற்றிச் சொல்லும் பிறழ் சாட்சியும் நாள்தோறும் உண்டு. ஆனால் பொய் சொல்பவரைக் குறுக்கு விசாரணையில் பிடித்துவிடலாம், அந்த ஆயுதமே அவருக்காகச் செய்யப்பட்டதுதான். தான் பார்த்ததாக மனசார நம்பித் தவறாகச் சொல்பவரிடம் அது பலிக்காது. அவருக்கே தெரியாத ஒன்றை அவர் வாயிலிருந்து எப்படி வரவழைப்பது? நிரபராதிகளைச் சிறைக்கு அனுப்பியதில் பெரும்பங்கு இவருடையது. அமெரிக்காவில் மரபணுச் சோதனையால் தகர்ந்த 375-க்கும் மேற்பட்ட தண்டனைகளில் ஏறத்தாழ 69 விழுக்காட்டில், தவறாக அடையாளம் காட்டிய நேரடி சாட்சி ஒரு காரணமாக இருந்திருக்கிறார்.

முரண்பாடு எப்படி வருகிறது என்பதற்கு ஓர் எடுத்துக்காட்டு. இரவு ஒன்பதரை மணி, பேருந்து நிறுத்தத்தை ஒட்டிய டீக்கடை. மோட்டார் சைக்கிளில் வந்த இருவரில் பின்னால் இருந்தவன் இறங்கி, பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஒருவரை அரிவாளால் வெட்டிவிட்டு மீண்டும் ஏறிப் போகிறான் என்று வைத்துக்கொள்வோம். எல்லாம் 20 நொடிக்குள் முடிந்துவிடுகிறது. டீ மாஸ்டர் பாய்லருக்குப் பின்னால் நிற்கிறார். நீராவியும் முன்னால் தொங்கும் ஷாம்பு, பாக்குப் பாக்கெட் சரங்களும் பாதிக் காட்சியை மறைக்கின்றன. அலறல் கேட்ட பிறகுதான் அவர் நிமிர்கிறார், நிமிர்ந்ததும் கண் போவது அரிவாளுக்கு. ஆயுதம் கண்ணைப் பிடித்து வைத்துக்கொள்ளும். முகத்துக்கு மிஞ்சுவது ஒன்றிரண்டு நொடி. எதிர்ச்சாரியில் பஸ்ஸுக்காக நிற்கும் பெண், இன்ஜின் அணையாமல் நிற்கும் வண்டியைத்தான் பார்த்திருப்பார். அவருக்கு ஓட்டுநரின் முதுகு தெரியும், வெட்டியவன் முகம் தெரியாது. வெட்டுப்பட்டவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் எல்லோரையும்விட அருகில் இருந்தவர். ஆனால் அவர் தப்பி ஓட வழி தேடிக்கொண்டிருந்தார். ஐந்து நிமிடம் நடந்தது என்று அவர் சொன்னால் அது பொய்யல்ல. அச்சத்தில் கழியும் நொடிகளை மனிதர்கள் பல மடங்கு கூட்டித்தான் சொல்வார்கள். இந்த மூவரும் உண்மை பேசினால் மூன்று விவரங்கள் வரவேண்டும். சட்டை நிறம் முதல் தப்பிய திசை வரை மூவரும் ஒரே மாதிரிச் சொன்னால்தான் அந்த வழக்கில் நமக்குச் சந்தேகம் வரவேண்டும்.

வெளிச்சத்தைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். இரவுச் சம்பவங்களில் வழக்கு நிற்பதும் விழுவதும் அதில்தான். மஞ்சள் சோடியம் விளக்கின் கீழ் நீலச் சட்டை கறுப்பாகத் தெரியும். ‘கறுப்புச் சட்டை’ என்று சாட்சி சொல்லி, கைப்பற்றியது நீலச் சட்டை என்றால் எதிர்தரப்பு அதை முரண்பாடு என்று சொல்லும், அரசுத் தரப்பு விழிக்கும். விளக்கு எந்த வகை என்று யாரும் குறித்து வைத்திருக்க மாட்டார்கள். ட்யூப் லைட் எரியும் வீட்டுக்குள்ளிருந்து இருட்டுத் தெருவுக்கு வருபவரின் கண் முழுமையாகப் பழக 20 முதல் 30 நிமிடம் ஆகும். பழகிய பிறகும் மங்கிய ஒளியில் நிறம் பிரித்தறிய முடியாது. நெதர்லாந்து உளவியலாளர் வாகனார் 1996-இல் தம் சக ஆய்வாளருடன் சேர்ந்து ஒரு வரம்பு சொன்னார்: முன்பின் தெரியாத ஒருவரை 15 மீட்டருக்கு மேல் தூரத்திலோ 15 லக்ஸுக்கு (லக்ஸ் என்பது வெளிச்சத்தை அளக்கும் அலகு) குறைந்த ஒளியிலோ பார்த்ததாகச் சொல்லும் அடையாளத்தை நம்பித் தீர்ப்பெழுதக் கூடாது. கடுமையான வரம்புதான். ஆனால் சம்பவ இடத்தைப் பார்த்துப் போலீசார் எழுதும் நம் பார்வை மகஜர்களில் இருப்பதோ ‘சம்பவ இடத்தில் மின்விளக்கு வெளிச்சம் இருந்தது’ என்ற ஒற்றை வரி. பிறகு மின்வாரிய ஊழியர் ஒருவரைக் கூண்டில் ஏற்றி, அன்றிரவு அந்தப் பகுதியில் மின்தடை இல்லை என்று சொல்லவைப்பார்கள். மின்சாரம் வந்தது என்பதற்கும் முகம் தெரிந்தது என்பதற்கும் எவ்வளவு தூரம்! விசாரணை அதிகாரி அதே இரவு நேரத்தில் அங்கே போய் நிற்கவேண்டும். கம்பத்துக்கும் பெஞ்சுக்கும் சாட்சி நின்ற இடத்துக்கும் டேப் வைத்து அளக்க வேண்டும். விளக்கு குற்றவாளியின் முகத்துக்கு எதிரே இருந்ததா முதுகுக்குப் பின்னால் இருந்ததா என்பதை மாதிரி வரைபடத்தில் குறிக்க வேண்டும், மரக்கிளை மறைக்கிறதா என்று அண்ணாந்து பார்க்க வேண்டும். ஒரு மணி நேர வேலை. அதைச் செய்யாததால் வருடக் கணக்கில் வாதாடுகிறோம்.

இங்கிலாந்தில் 1976-இல் டர்ன்புல் வழக்கில் மேல்முறையீட்டு நீதிமன்றம், அடையாள சாட்சியத்தைக் கேட்கும் ஜூரிகளிடம் நீதிபதி எதையெல்லாம் எடுத்துச் சொல்ல வேண்டும் என்று வகுத்துக் கொடுத்தது. எவ்வளவு நேரம் பார்த்தார், எவ்வளவு தூரத்தில், எப்படிப்பட்ட ஒளியில், இடையில் மறைப்பு உண்டா, அந்த ஆளை முன்பே தெரியுமா, அந்த முகம் நினைவில் நிற்கத் தனிக் காரணம் உண்டா, எத்தனை நாள் கழித்து அடையாளம் காட்டினார், போலீசிடம் முதலில் சொன்ன அடையாளத்துக்கும் பிடிபட்டவர் தோற்றத்துக்கும் எங்கே பொருந்தவில்லை. குற்றச் செய்தி எழுதும் நிருபருக்கும் இந்த எட்டுக் கேள்வி போதும்.

நம் உச்ச நீதிமன்றமும் இதை அறியாததல்ல. 1957-இல் வடிவேலு தேவர் எதிர் மதராஸ் மாநிலம் வழக்கில் சாட்சிகளை அது மூன்று வகையாகப் பிரித்தது: முழுக்க நம்பத்தக்கவர், முழுக்க நம்பத்தகாதவர், இரண்டுக்கும் நடுவில் நிற்பவர். முதல் வகை என்றால் ஒரே சாட்சி போதும். மூன்றாம் வகை என்றால் வேறு ஆதாரத்தின் துணை வேண்டும். தொலைக்காட்சித் தொடர்களில் முதல் இரண்டு வகையினர்தான் இருக்கிறார்கள். நீதிமன்றத்துக்கு வருகிறவர்களோ பெரும்பாலும் மூன்றாம் வகை. 1983-இல் பர்வாடா போகின்பாய் ஹிர்ஜிபாய் வழக்கில் நீதிமன்றம் இன்னும் தெளிவாகப் பேசியது. சாட்சியிடம் புகைப்படம் போன்ற நினைவை எதிர்பார்க்கக் கூடாது. வீடியோ நாடாவைப் போல மனத்திரையில் எதுவும் திரும்ப ஓடாது. நேரத்தை அவர்கள் குத்துமதிப்பாகத்தான் சொல்வார்கள். வேகமாக நடந்தவற்றின் வரிசை குழம்பும். எனவே சிறு முரண்பாடுகளுக்காகச் சாட்சியத்தைத் தள்ளிவிடக் கூடாது என்றது. இந்தத் தீர்ப்பை மேற்கோள் காட்டாத அரசு வழக்கறிஞர் இல்லை. வருத்தம் என்னவென்றால், நினைவு வீடியோ நாடா அல்ல என்ற வாதத்தை முரண்பாட்டை மன்னிக்க மட்டும் பயன்படுத்துகிறோம். முரண்பாடே இல்லாத, உறுதியான, தவறான அடையாளத்தைச் சோதிக்க அதைப் பயன்படுத்துவதில்லை.

கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்பது நம் மூதுரை. விசாரிக்கும் விதமே நினைவை மாற்றிவிடும் என்பது பிற்காலத்தில் தெரியவந்தது. 1974-இல் உளவியலாளர்கள் எலிசபெத் லோஃப்டஸும் ஜான் பாமரும் 45 மாணவர்களுக்குச் சாலை விபத்துப் படங்களைக் காட்டி, வண்டிகள் என்ன வேகத்தில் போயின என்று கேட்டார்கள். மாணவர் குழுவுக்குக் குழு கேள்வியில் ஒரே ஒரு வினைச்சொல்தான் மாறியது. ‘நொறுங்க மோதியபோது’ என்ற பொருள்படக் கேட்டவர்களுக்கு வந்த சராசரி விடை மணிக்கு 40.8 மைல். ‘தொட்டபோது’ என்று கேட்டவர்களுக்கு 31.8 மைல். இன்னொரு சோதனையில் ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று கேட்டார்கள். படத்தில் கண்ணாடி உடையவே இல்லை. ‘நொறுங்க மோதிய’ கேள்வியைக் கேட்டிருந்த 50 பேரில் 16 பேர் பார்த்தோம் என்றார்கள்; ‘இடித்த’ என்று கேட்டிருந்த 50 பேரில் 7 பேர்தான்.

இதை நம் காவல் நிலையத்துக்குப் பொருத்திப் பாருங்கள். ‘அவன் அரிவாளை எந்தக் கையில வெச்சிருந்தான்?’ என்று கேட்டால், அரிவாள் இருந்தது என்பதைக் கேள்வியே கொடுத்துவிடுகிறது. ‘கையில என்ன இருந்தது?’ என்பது சற்றுத் தேவலை. அதிலும் ஏதோ இருந்தது என்ற குறிப்பு ஒளிந்திருக்கிறது. ‘என்ன பாத்தீங்க, முதல்லேருந்து சொல்லுங்க’ என்று கேட்டுவிட்டுக் குறுக்கே பேசாமல் இருப்பதுதான் சரி. உளவியலாளர்கள் ஃபிஷரும் கெய்செல்மனும் 1980-களில் உருவாக்கிய விசாரணை முறை இதை நான்கு படியாக வைத்திருக்கிறது. முதலில் சாட்சியை அந்த இடத்துக்கு மனத்தால் கூட்டிப்போக வேண்டும்: என்ன குடித்துக்கொண்டிருந்தீர்கள், ரேடியோவில் என்ன பாட்டு, மழை தூறியதா என்று. பிறகு, அற்பமென்று தோன்றினாலும் எல்லாவற்றையும் சொல்லச் சொல்ல வேண்டும். அடுத்து, நடந்ததைக் கடைசியிலிருந்து தொடக்கம் வரை தலைகீழாகச் சொல்லச் சொல்ல வேண்டும். இறுதியாக, இன்னொருவர் நின்ற இடத்திலிருந்து பார்த்தால் என்ன தெரிந்திருக்கும் என்று கேட்க வேண்டும். இந்தக் கடைசிப் படியில் சாட்சி ஊகித்துவிடும் ஆபத்து இருப்பதால் பலர் அதைத் தவிர்க்கிறார்கள். அது சரி என்றே எங்களுக்கும் படுகிறது.

நம் நடைமுறை என்ன? முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 161-ஆம் பிரிவு, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 180-ஆம் பிரிவு. எழுதுவதானால் ஒவ்வொரு சாட்சியின் வாக்குமூலத்தையும் தனித்தனியே, அவர் சொன்னபடியே எழுதவேண்டும் என்கிறது சட்டம். ஒலி-ஒளிப் பதிவுக்கும் இடம் தருகிறது, கட்டாயமாக்கவில்லை. வழக்குக் கட்டைப் பிரித்தால், ‘நான் மேற்படி முகவரியில் குடியிருந்து வருகிறேன்’ என்று ஐந்து சாட்சிகளும் ஒரே நடையில் தொடங்குவார்கள். ‘மேற்படி நபர் மேற்படி அரிவாளால்’ என்று எந்த டீ மாஸ்டரும் பேசமாட்டார். முதல் வாக்குமூலத்தில் உள்ள எழுத்துப் பிழை ஐந்திலும் அப்படியே இருக்கும். சாட்சி முதன்முதலில் தன் சொந்த வார்த்தையில் என்ன சொன்னார் என்பது அங்கேயே அழிந்துபோகிறது. பிறகு எத்தனை நிபுணர் வந்தாலும் அதை மீட்க முடியாது.

சாட்சிகள் தங்களுக்குள் பேசிக்கொள்வது இன்னொரு கேடு. 2003-இல் உளவியலாளர் ஃபியோனா காபர்ட்டும் சக ஆய்வாளர்களும் செய்த சோதனை, இந்த மர்மத் தொடர்களின் அமைப்பையே எடுத்து ஆய்வகத்தில் வைத்தது போன்றது. ஒரு பெண் காலியாக இருக்கும் அலுவலக அறைக்கு இரவல் வாங்கிய புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்க வருவதை இரண்டு கோணங்களில் படம் எடுத்தார்கள். ஒரு கோணத்தில் மட்டும் அவள் பணம் திருடுவது தெரியும். ஜோடியில் ஒருவருக்கு ஒரு கோணம், மற்றவருக்கு மறு கோணம். இருவரும் ஒரே படத்தைப் பார்த்ததாகவே நினைத்தார்கள். கலந்து பேசிய பிறகு தனித்தனியே எழுதச் சொன்னபோது, 71 விழுக்காட்டினர் தாங்கள் பார்க்காத ஒன்றையாவது பார்த்ததாக எழுதினார்கள். திருட்டைக் காணாத கோணத்தில் பார்த்தவர்களில் 60 விழுக்காட்டினர் அவள் திருடினாள் என்றார்கள். யாரும் அவர்களை மிரட்டவில்லை, பணம் கொடுக்கவில்லை.

இப்போது செய்திச் சேனல் மைக்கை நினைத்துப் பாருங்கள். சம்பவம் நடந்து ஒரு மணி நேரத்தில் தெருமுனையில் நான்கு பேரை வரிசையாக நிற்கவைத்து, ஒருவர் சொல்வதை மற்றவர் கேட்கும்படி பேட்டி எடுக்கிறார்கள். ‘ஆமாங்க, அண்ணன் சொன்ன மாதிரிதான்’ என்று இரண்டாமவர் தொடங்குகிறார். அன்று மாலைக்குள் நான்கு நினைவுகள் ஒன்றாகிவிடுகின்றன. விசாரணை அதிகாரி மறுநாள் வந்து எடுப்பது அந்த ஒன்றைத்தான்.

தொலைக்காட்சிக்கும் நினைவுக்கும் உள்ள உறவைக் காட்டும் இரண்டு உண்மை நிகழ்வுகள் உண்டு. 1974-இல் ராபர்ட் பக்ஹவுட் என்ற உளவியலாளர் நியூயார்க்கில் என்பிசி தொலைக்காட்சிச் செய்தியில் 13 நொடி வழிப்பறிக் காட்சி ஒன்றைக் காட்டினார். பிறகு ஆறு பேரை வரிசையாகக் காட்டி, செய்தவர் யார், அல்லது இவர்களில் யாருமே இல்லையா என்று நேயர்களை அழைத்துச் சொல்லச் சொன்னார். 2,000-க்கும் மேற்பட்டவர்கள் அழைத்தார்கள். சரியாகச் சொன்னவர்கள் ஏறத்தாழ ஏழில் ஒருவர். ஏழு விடைகளில் கண்ணை மூடிக்கொண்டு ஒன்றைத் தொட்டாலும் அதே அளவுதான் வரும்.

மற்றது ஆஸ்திரேலியாவில் நடந்தது. டொனால்ட் தாம்சன் என்ற உளவியலாளர், பாலியல் வன்முறைக்கு ஆளான ஒரு பெண்ணால் அடையாளம் காட்டப்பட்டுக் கைதானார். சம்பவம் நடந்த அந்த நேரத்தில் அவர் தொலைக்காட்சி நேரலையில் இருந்தார். பேசிக்கொண்டிருந்ததே நேரடி சாட்சியத்தின் நம்பகத்தன்மை பற்றி. காவல்துறை உயர் அதிகாரி ஒருவரும் அதே நிகழ்ச்சியில் இருந்தார். தாக்குதலுக்கு ஆளானபோது அந்தப் பெண்ணின் அறையில் அந்த நிகழ்ச்சி ஓடிக்கொண்டிருந்தது. திரையில் இருந்த முகமும் தாக்கியவன் முகமும் அவர் நினைவில் இடம் மாறிவிட்டன. அந்தப் பெண் பொய் சொல்லவில்லை. தாம்சன் முகத்தை அவர் உண்மையிலேயே அப்போது பார்த்தார். நினைவு முகத்தை வைத்துக்கொள்ளும், எங்கே பார்த்தோம் என்ற முகவரியை எளிதில் தொலைத்துவிடும்.

உங்களுக்கு எழுதத் தூண்டிய காரணம் இதுதான். பிடிபட்டவர்களின் முகத்தைக் காவல்துறை துணியால் மூடி அழைத்து வருவது மரியாதைக்காக அல்ல, பலரோடு கலந்து நிறுத்திச் சாட்சியை அடையாளம் காட்டச் சொல்லும் அடையாள அணிவகுப்புக்காக. சாட்சி அவரை அணிவகுப்புக்கு முன் பார்த்துவிட்டால் அணிவகுப்புக்கே பொருளில்லை. ஆனால் துணியால் மூடிய அதே நபரின் ஆதார் அட்டைப் படமும் கல்யாண ஆல்பப் படமும் வட்டமிட்டு மறுநாள் முதல் பக்கத்தில் வருகின்றன. சிசிடிவி காட்சியை அம்புக்குறி போட்டு நாள் முழுக்க ஓட்டுகிறார்கள். நடிகர்களை வைத்து எடுத்த ‘சித்தரிப்பு’ காட்சி வேறு. மூன்று வாரம் கழித்துச் சிறைக்கு வரும் டீ மாஸ்டர், வரிசையில் நிற்கும் ஒரு முகத்தை ‘தெரிந்த முகம்’ என்று உணர்கிறார். டீக்கடையில் பார்த்ததால் தெரிகிறதா, உங்கள் பத்திரிகையில் பார்த்ததால் தெரிகிறதா? அவராலேயே பிரித்துச் சொல்ல முடியாது. உண்மையான குற்றவாளியே பிடிபட்டிருந்தாலும், படம் வெளிவந்துவிட்டது என்ற ஒரே வாதத்தில் எதிர்தரப்பு அந்த அடையாளத்தை உடைத்துவிடும். அதாவது படத்தை வெளியிடுவது நிரபராதிக்கும் கேடு, பாதிக்கப்பட்டவருக்கும் கேடு.

அணிவகுப்பு ஒழுங்காக நடந்தால் எப்படி இருக்கும் என்பதையும் வாசகர்கள் தெரிந்துகொள்ள வேண்டும். நீதித்துறை நடுவர் சிறைக்குள் நடத்துவார். போலீசார் அங்கே இருக்கக் கூடாது. சாட்சியிடம் முதலில், பார்த்த ஆள் எப்படி இருந்தார் என்று கேட்டு எழுதிக்கொள்வார். சந்தேக நபரோடு அதே வயது, உயரம், நிறம், மீசை, தாடி உள்ளவர்களைக் கலந்து நிறுத்த வேண்டும். இங்கிலாந்து விதிப்படி ஒருவருக்குக் குறைந்தது எட்டுப் பேர். முகத்தில் தழும்பு இருந்தால் அதன்மேல் பிளாஸ்டர் ஒட்டி, மற்றவர்களுக்கும் அதே இடத்தில் ஒட்ட வேண்டும். எந்த இடத்தில் நிற்பது என்று சந்தேக நபரே தேர்ந்தெடுக்கலாம். ஒவ்வொரு சாட்சிக்கும் இடையில் இடமும் சட்டையும் மாற்றிக்கொள்ளலாம். முடித்த சாட்சியும் காத்திருக்கும் சாட்சியும் சந்திக்கக் கூடாது.

கெட்டுப்போவது பெரும்பாலும் சிறைக் கதவுக்கு வெளியே. சாட்சிகள் எல்லோரும் வழக்கை நடத்தும் நிலையத்தின் காவலரோடு ஒரே வண்டியில் வந்து, ஒரே மரத்தடியில் செல்பேசியோடு காத்திருப்பார்கள். உள்ளே, கைதாகி நாளான ஒருவர் தாடியோடு நிற்க மற்றவர்கள் மழித்த முகத்தோடு நிற்பார்கள். இரண்டு காரியங்கள் செலவே இல்லாமல் செய்யக்கூடியவை. அவற்றை விதியாக்க வேண்டும். ஒன்று, ‘நீங்கள் பார்த்த ஆள் இந்த வரிசையில் இல்லாமலும் இருக்கலாம்’ என்று சாட்சியிடம் முதலிலேயே சொல்வது. சொல்லாவிட்டால், இருப்பவர்களில் கிட்டத்தட்ட ஒத்துப்போகிறவரைத் தொட்டுவிடுவார்கள். மற்றது, அடையாளம் காட்டிய அந்த நொடியிலேயே எவ்வளவு உறுதியாகத் தெரியும் என்று கேட்டு, அவர் சொன்ன வார்த்தையிலேயே எழுதிக்கொள்வது. ‘இவர் மாதிரிதான் இருந்தார்’ என்று அன்று சொன்னவர், இரண்டு வருடம் கழித்துக் கூண்டில் ‘சத்தியமாக இவர்தான்’ என்பார். இடையில் அவர் நினைவு வளரவில்லை. உறுதி மட்டும் வளர்ந்திருக்கிறது.

அந்த உறுதி எப்படி வளர்கிறது என்பதற்கு ரொனால்ட் காட்டன் வழக்கைவிடத் தெளிவான பாடம் இல்லை. 1984-இல் அமெரிக்காவின் வட கரோலினாவில் பர்லிங்டன் நகரில், தாக்கப்பட்ட ஒரு பெண், தாக்குகிறவனின் முகத்தை மனதில் பதித்துக்கொள்ள வேண்டுமென்று முயன்றே பார்த்தார். போலீசார் காட்டிய ஆறு படங்களில் நிமிடக்கணக்கில் யோசித்துக் காட்டனின் படத்தை எடுத்தார். பிறகு நடந்த நேரடி அணிவகுப்பிலும் அதே ஆளைக் காட்டினார். படத்தில் காட்டியவரும் இவர்தான் என்று போலீசார் சொன்னார்கள். அந்த ஒரு வார்த்தையோடு தயக்கம் போய்விட்டது. மறுவிசாரணையில் உண்மையான குற்றவாளியான பாபி பூல் என்பவரை நீதிமன்றத்திலேயே அந்தப் பெண்ணுக்கு நேராகக் கொண்டுவந்து நிறுத்தினார்கள். அவருக்கு அடையாளம் தெரியவில்லை; காட்டன்தான் என்றார். அதற்குள் அவர் நினைவில் இருந்த முகமே காட்டன் முகமாகியிருந்தது. 1995-இல் மரபணுச் சோதனை வந்து காட்டன் வெளியே வர பத்தரை ஆண்டுகள் ஆயின.

ஆகவே நினைவை எந்த நிலையிலும் நம்பாதே என்று நாங்கள் சொல்லவில்லை. முதல் முறை, கலப்படமில்லாமல், சரியான முறையில் சோதித்தால் அந்த நேரத்து உறுதிக்கு நல்ல மதிப்பு உண்டு. உளவியலாளர்கள் வெல்ஸும் விக்ஸ்டெட்டும் 2017-இல் எழுதியது அதைத்தான். ஒரே ஒரு முறைதான் அந்த வாய்ப்பு. இரண்டாம் முறை சோதிப்பது முதல் சோதனையின் நினைவை. நம் சட்டத்தில் இது தலைகீழாக இருக்கிறது என்பது எங்கள் உறுதியான கருத்து. 2003-இல் மல்கான்சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் மீண்டும் சொன்னபடி, கூண்டில் நிற்பவரை நீதிமன்றத்தில் காட்டுவதுதான் அடிப்படைச் சாட்சியம். அணிவகுப்பு அதற்குத் துணை மட்டுமே. புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷ்ய அதினியத்தின் 7-ஆம் பிரிவுக்கு (பழைய சட்டத்தில் 9) வந்த பிறகும் அந்த நிலை மாறவில்லை. நீதிமன்றத்தில் குற்றவாளிக் கூண்டில் நிற்பவர் ஒருவர்தான். அவரைக் காட்டுவதற்கு நினைவே தேவையில்லை.

தொடர் எழுதுகிறவர்களிடம் ஒன்று கேட்கிறோம். நல்லவர், பயப்படாதவர், யாரிடமும் பணம் வாங்காதவர், உறுதியாகச் சொல்பவர், ஆனால் தவறாகச் சொல்பவர்: அப்படி ஒரு சாட்சியை ஒரு தொடரிலாவது வையுங்கள். அவர் பொய்யர் அல்ல என்பதைப் பார்க்கிறவர்களுக்குப் புரியவைப்பது கடினம்தான். அதுதான் இந்த வகைக் கதையில் செய்வதற்கு மிச்சமிருக்கும் வேலை.

உங்களிடம் கேட்பது சிறியது. முன்பின் தெரியாத நபர் என்று சாட்சிகள் சொல்லும் வழக்குகளில், அணிவகுப்பு முடியும்வரை பிடிபட்டவரின் படத்தை வெளியிடாதீர்கள். தலைமறைவானவரைத் தேடப் பொதுமக்களின் உதவி கேட்டுக் காவல்துறையே படம் தந்தால் அது வேறு. நேரில் கண்டவர்களைப் பேட்டி எடுத்தே ஆகவேண்டும் என்றால் தனித்தனியே, ஒருவர் காதில் மற்றவர் சொல் விழாமல் எடுக்கச் சொல்லுங்கள். ‘சாட்சி அடையாளம் காட்டினார்’ என்று செய்தி வரும்போது, எத்தனை நாள் கழித்து, எத்தனை பேருக்கு நடுவில் என்ற இரண்டு எண்களையும் சேருங்கள். படம் போட வேண்டிய இடத்தில் ஒரு வரி போதும்: ‘அடையாள அணிவகுப்பு நடக்கவிருப்பதால் முகம் வெளியிடப்படவில்லை.’

இப்படிக்கு,
குற்றவியல் வழக்கறிஞர்கள் இருவர்,
மதுரை.